பூக்குழியும் ஈமோகுளோபினும்

நோர்வூட்டிலிருந்து மேலே, பஸ் மூச்சு வாங்கி ஏறும் ஏழாவது வளைவில் ஊசிமலைத் தோட்டம் இருக்கிறது. நெருப்புக்கு அசையாதவை என்று அங்கே பெயர் வாங்கியவை இரண்டு. ஒன்று, ஃபாக்டரியில் தேயிலை காய வைக்கும் அடுப்பு. மற்றது, அந்த அடுப்புக்கு முப்பத்தெட்டு வருஷம் விறகு தள்ளிய வீரய்யா. அடுப்பு இரண்டு தரம் வெடித்தது; இரண்டு தரமும் பழுது பார்த்தார்கள். வீரய்யாவைப் பழுது பார்க்க வேண்டியிருக்கும் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை.

சித்திரை மாதத்தில் மாரியம்மன் திருவிழா. பூக்குழி இறங்குவதில் பத்தொன்பது வருஷமாக முதல் ஆள் வீரய்யாதான். தலையில் கரகம், இடுப்பில் மஞ்சள் வேட்டி, கையில் வேப்பிலை. மற்றவர்கள் தணலில் கால் வைத்ததும் பின்னால் மாடு துரத்துகிற மாதிரி ஓடுவார்கள். வீரய்யா சந்தைக்குக் கத்தரிக்காய் பார்க்கப் போகிறவர் மாதிரி நடப்பார். போன வருஷம் அதையும் மிஞ்சிவிட்டார். நடுக்குழியில் கரகம் சரிந்தது. அங்கேயே நின்றார். இரண்டு கையாலும் அதை நேராக்கினார், பூவை ஒதுக்கினார், பிறகுதான் அடுத்த அடி வைத்தார். நான் கண்ணால் பார்த்தேன். அந்த நேரத்துக்குள் ஓர் ஆள் வெற்றிலை மடித்து, சுண்ணாம்பு போதவில்லை என்று பெண்டாட்டியோடு சண்டையும் போட்டு முடித்திருக்கலாம்.

டிக்கோயாவிலிருந்து வந்த சனமெல்லாம் கையெடுத்துக் கும்பிட்டது. "ஆத்தா அவரு உள்ளங்கால்ல குந்தியிருக்கா" என்றார்கள். கோயில் தலைவர் முத்துலிங்கம் மைக்கிலேயே அதைச் சொல்லிவிட்டார். மைக்கில் சொன்ன பிறகு அதில் சந்தேகம் எங்கே?

வீரய்யாவின் உள்ளங்காலில் குந்தியிருந்தது யார் என்பதுதான் இந்தக் கதை.

அவருக்குச் சீனி வருத்தம் வந்து ஆறு வருஷம். வந்த விருந்தாளிக்கு அவர் ஒரு குறையும் வைக்கவில்லை. அவர் தேத்தண்ணியில் கரண்டியை விட்டால் சாயாமல் நிற்கும். காலையில் தோட்டத்தில் வேலைக்கு ஆள் பிரிக்கும் பெரட்டு தொடங்குமுன், அவர் வாசலில் எறும்புகள் பெரட்டுக்கு நிற்கும். கங்காணி இல்லாமலே ஒழுங்கான வரிசை. தோட்டத்து அதிகாரி சின்னத் துரை ஒரு நாள் அதைப் பார்த்துவிட்டு, இந்த ஒழுக்கம் ஆட்களுக்கு வரவில்லையே என்று வருத்தப்பட்டதாகவும் பேச்சு.

மாதம் ஒரு தரம் கிளினிக். வெறும் வயிற்றில் இரத்தம் எடுத்துச் சீனி பார்ப்பார்கள். தோட்டத்து வரிசை வீடான லயத்தில் பிறந்து வளர்ந்தவருக்கு இது ஒரு சோதனையா? பெரிய துரை லயம் பார்க்க வருகிறார் என்றால் மூன்று நாள் முன்னால் சாக்கடைக் கானை வெட்டி, கோழியை அடைத்து, சுவருக்குச் சுண்ணாம்பு பூசுவார்கள். துரை வந்து தலையை ஆட்டிவிட்டுப் போனதும் கோழி வெளியே வரும், குப்பை கானுக்குப் போகும். வீரய்யா தன் இரத்தத்துக்கும் அப்படியே சுண்ணாம்பு பூசினார். கிளினிக்குக்கு மூன்று நாள் முன்னால் குரக்கன் கஞ்சி, பாகற்காய், பஸ்ஸை விட்டுவிட்டு நடை. மாதம் முழுக்க டப்பாவில் தூங்கிய மாத்திரைகளையும் அந்த மூன்று நாள் எழுப்பி, நேரம் தவறாமல் விழுங்குவார். கிளினிக் அட்டையில் நூற்று இருபத்து நாலு, நூற்றுப் பத்தொன்பது என்று விழும். சிங்கள டொக்டர், "ஹரி ஹொந்தாய், வீரய்யா!" என்று மெச்சி முதுகில் தட்டுவார். அன்றைக்கே நோர்வூட் ஹோட்டலில் இரண்டு சீனி பணிஸ். பாஸானவனுக்குப் பரிசு வேண்டாமா?

டொக்டரை ஏமாற்றலாம். கால் கழுவிவிடுகிற பெண்டாட்டியை ஏமாற்ற முடியவில்லை.

போன திருவிழாவுக்கு மறுநாள் காலை, மஞ்சள் தண்ணீர் ஊற்றி அவர் பாதத்தைக் கழுவியபோது நாகலெட்சுமி ஒரு கொப்புளத்தைக் கண்டாள். மாரி பிஸ்கட் அளவு இருந்தது. விரலால் அமுக்கிப் பார்த்தாள்.

"வலிக்கலையாங்க?"

"எது?"

அந்த "எது" தான் அவளைப் பயமுறுத்தியது. கொப்புளம் புண்ணாகி, புண் ஆற மூன்று மாதமாயிற்று. அது ஆறிய மாதம் மனுஷன் செருப்பில் ஆணி ஏறியது தெரியாமல் நோர்வூட்டிலிருந்து நடந்தே வந்தார். ஆணி செருப்பை மட்டும் துளைத்திருக்கவில்லை. அவருடைய புகார் எல்லாம், செருப்பு கிறீச்சென்று சத்தம் போடுகிறது என்பதுதான்.

இந்த வருஷம் தைப்பொங்கல் கழிந்து, திருவிழாவுக்கு நாள் குறித்தவுடன் அவள் பேச்சை எடுத்தாள்.

"இந்தத் தடவ நீங்க எறங்க வேணாங்க."

"இருவதாவது வருசம் லெச்சுமி! தலைவரு சால்வை போடப் போறாரு."

"சால்வைதானே? நான் வீட்ல போட்டுவிடுறேன்."

"நீ போட்டா யாரு படம் புடிக்கிறது?"

"காலு போச்சுன்னா சால்வையைக் கட்டிக்கிட்டா நடப்பீங்க?"

"ஏன், என் காலுக்கு என்ன? மாசாமாசம் டொக்டரு முதுகுல தட்டுறாரே, சும்மாவா?"

நாகலெட்சுமி எட்டாம் வகுப்போடு கொழுந்துக் கூடை மாட்டியவள்தான். ஆனால் மனுஷனை எங்கே மடக்கலாம் என்பதில் பட்டம் வாங்கியவள். "சரி. டொக்டர் எழுதுற அடுத்த டெஸ்ட்டு நல்லா வந்தா எறங்குங்க. இல்லேன்னா கரகத்தைச் செல்லசாமிகிட்ட குடுத்துரணும். தலைவரு முன்னாடி கற்பூரம் அடிச்சுச் சொல்லுங்க" என்றாள்.

செல்லசாமி அடுத்த லயத்துக்காரர். இரண்டாவது ஆளாக, பன்னிரண்டு வருஷம் வீரய்யாவின் முதுகைப் பார்த்தபடியே பூக்குழி இறங்கியவர். வீரய்யா சிரித்துக்கொண்டே கற்பூரம் அடித்தார். ஆறு வருஷமாகத் தோற்காத பரீட்சை அல்லவா? அடுத்த கிளினிக்கில் நாகலெட்சுமி கூடவே போய், கொப்புளத்தையும் ஆணியையும் சீனி பணிஸையும் ஒன்று விடாமல் டொக்டரிடம் கொட்டினாள். அவர் வீரய்யாவை ஒரு மாதிரியாகப் பார்த்து, துண்டுச் சீட்டில் புதுப் பெயர் ஒன்றை எழுதினார். எச்பி ஏ வன் சி.

இந்த இடத்தில் கொஞ்சம் பாடம் நடத்த வேண்டியிருக்கிறது. பொறுத்துக்கொள்ளுங்கள், கலியாணக் கதைதான்.

இரத்தத்துக்குச் சிவப்பு நிறம் கொடுப்பது ஈமோகுளோபின் என்ற புரதம். ஒட்சிசனைத் தூக்கிச் சுமப்பது அதன் தொழில். இரத்தத்தில் சீனி மிதந்தால் அதில் கொஞ்சம் இந்தப் புரதத்தோடு ஒட்டிக்கொள்ளும். உடம்பில் பல காரியங்களுக்கு நொதியம் என்று ஒரு தரகர் உண்டு. அவர் இடம் பார்த்து, ஆள் பார்த்து, முறைப்படி சீனியைப் புரதத்தோடு சேர்த்துவைத்தால் அதற்குப் பெயர் கிளைக்கொசிலேஷன். தரகரும் இல்லாமல் தாலியும் இல்லாமல் சீனி தானாகவே போய் ஒட்டிக்கொண்டால் கிளைக்கேஷன். ஈமோகுளோபின் விஷயத்தில் நடப்பது இந்த இரண்டாவது, ஓடிப்போன கலியாணம். ஆனாலும் சில துண்டுகளில் இன்னும் முதற் பெயரையே அச்சடிக்கிறார்கள். குடும்ப மானத்தைக் காப்பாற்றவோ என்னவோ. எந்தப் பெயர் போட்டாலும், ஒட்டின சீனி பிறகு விலகாது. சிவப்பணு ஏறக்குறைய நூற்றிருபது நாள் வாழும். செத்துப்போகும்வரை சீனி அதோடுதான். நூறு ஈமோகுளோபினில் எத்தனை இப்படிச் சீனியோடு ஓடிப்போயிருக்கிறது என்று பார்த்துச் சொல்வதே ஏ வன் சி. சுகமான ஆளுக்கு ஐந்து சொச்சம். ஆறரையைத் தொட்டால் சீனி வருத்தம்.

சுண்ணாம்பைச் சுரண்டி, கீழே இருக்கிற சுவரைப் பார்க்கிற துரை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

வீரய்யாவுக்கு இது தெரியாது. பெயர் நீளமாக இருக்கிறதே என்று ஐந்து நாள் சுண்ணாம்பு பூசினார். ஆறாம் நாள் வெறும் வயிற்றோடு ஹட்டன் டவுனில் ஓர் இரத்தப் பரிசோதனை நிலையத்துக்குப் போனார். இரத்தம் எடுத்தவள் மதுரா, யாழ்ப்பாணத்துப் பிள்ளை.

"ஏன் ஐயா இப்பிடி வாடிப்போய் இருக்கிறியள்? காலமை சாப்பிடேல்லையோ?"

"டெஸ்ட்டுன்னா வெறும் வயிறுதானே மிஸ்."

"இதுக்குப் பட்டினி கிடக்கத் தேவையில்லை. சாப்பிட்டிட்டு வந்தாலும் ஒண்டுதான்."

வீரய்யாவின் முகம் அங்கேதான் முதன்முதலாகக் கோணியது. "அப்ப அஞ்சு நாளா நான் குடிச்ச கஞ்சி?"

"அது உடம்புக்கு நல்லது. ஆனா இந்த டெஸ்ட் அஞ்சு நாளைப் பெரிசா மதிக்காது. மூண்டு மாசமா என்ன செய்தனீங்கள் எண்டுதான் கேக்கும்."

"மூணு மாசமா?" விரல் விட்டு எண்ணிப் பார்த்தார். "அப்ப பொங்கலு?"

"பொங்கலுக்கு என்ன சாப்பிட்டனீங்கள்?"

"மூணு வீட்டுச் சக்கரைப் பொங்கல். மருமக வீட்டுது கொஞ்சம் கூட."

"அதுவும் உள்ளுக்கதான் இருக்கு, ஐயா. பாண் போறணை அடுப்புக்குள்ள சிவக்குதெல்லே, தோல்? அதுவும் சீனியும் புரதமும் ஒட்டுறதாலதான். சிவந்த பாணைத் திரும்ப வெள்ளை மாவாக்க ஏலுமோ?"

வீரய்யா ஊசி குத்திய இடத்தைப் பஞ்சால் அமுக்கியபடி, தன் இரத்தம் இருந்த சின்னக் குழாயைப் பார்த்தார். மூன்று மாதமாகத் தன் வீட்டிலேயே தங்கி, தன் தேத்தண்ணியையே குடித்து, எல்லாவற்றையும் மேலிடத்துக்கு எழுதிய ஆளைப் பார்க்கிற பார்வை அது.

இரண்டு நாள் கழித்துத் துண்டை வாங்கப் போனார். மதுரா அன்று லீவு. கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து யாரோ நீட்டினார்கள். வெளியே வந்து பிரித்தார். 9.8 என்று இருந்தது.

இன்னொரு தரம் பார்த்தார். போன மாதம் நூற்று இருபத்து நாலு. இந்த மாதம் ஒன்பது சொச்சம். பத்தைக்கூடத் தொடவில்லை!

அன்றைக்கு ஹட்டன் - நோர்வூட் பஸ்ஸில் வந்தவர்களுக்கெல்லாம் சீனி பணிஸ் கிடைத்தது. கண்டக்டருக்கு இரண்டு. துண்டைப் பஸ் முழுக்கச் சுற்றுக்கு விட்டார். "அஞ்சு நாள் கஞ்சிய்யா! நூத்தி இருவத்து நாலுல இருந்து ஒம்பதுக்கு எறக்கிட்டேன்!" பஸ்ஸிலிருந்து நேரே கோயிலுக்குப் போய்த் தலைவரிடம் காட்டினார். முத்துலிங்கமும் தலையை ஆட்டி, சால்வைக்கு என்ன நிறம் வேண்டும் என்று கேட்டார். செல்லசாமி முகத்தைத் தொங்கப் போட்டார்.

நாகலெட்சுமி துண்டை வாங்கி இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தாள். கற்பூரம் அவள் கேட்டு அடித்ததாயிற்றே. "டொக்டரு ஒரு வார்த்தை சொல்லட்டும்" என்று மட்டும் சொன்னாள்.

"சொல்லட்டுமே! ரெண்டு தரம் தட்டுவாரு முதுகுல!"

கிளினிக்கில் டொக்டர் துண்டைப் பார்த்தார். வீரய்யாவைப் பார்த்தார். தட்டவில்லை. தன் கிளினிக் தமிழில் ஆரம்பித்தார்.

"வீரய்யா, யாரு சொன்னது சீனி ஒம்பது?"

"போட்டிருக்கே சேர்."

"சீனி ஒம்பது இருந்தா நீ இங்க நடந்து வரது இல்ல. நாலு பேர் தூக்கிட்டுப் போறது." விரலால் துண்டைத் தட்டினார். "இது வேற. இது நூறுக்கு ஒம்பது, பத்து. ஏழு தாண்டுறது நல்லம் இல்ல. மூணு மாசம் நீ எனக்குப் பொய் சொன்னது. இது சொன்னது இல்ல."

நாகலெட்சுமி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். சிரிப்போ அழுகையோ, அவளுக்கே தெரிந்திருக்காது.

"காலைக் காட்டு" என்றார் டொக்டர். வீரய்யா மேசையில் ஏறிப் படுத்தார். டொக்டர் மேசை லாச்சியிலிருந்து தூண்டில் நரம்பு மாதிரி ஒரு நைலோன் இழையை எடுத்தார். "கண் மூடுறது. காலில தொடுற நேரம் 'ஆ' சொல்றது. சரியா?"

"சரி சேர்."

வீரய்யா கண்ணை மூடினார். அறை அமைதியாக இருந்தது. பக்கத்து அறையில் யாரோ இருமினார்கள். சுவர் மணிக்கூடு டிக் டிக்கென்றது. ஒரு நிமிஷம் போயிற்று. பொறுத்துப் பொறுத்துப் பார்த்து வீரய்யா கேட்டார்:

"எப்ப சேர் தொடங்குவீங்க?"

கண்ணைத் திறந்தார். டொக்டர் இழையை ஏற்கெனவே உறையில் போட்டுக்கொண்டிருந்தார். நாகலெட்சுமி சுவர்ப்பக்கம் திரும்பி நின்றாள்.

"பத்து இடம் தொட்டது, வீரய்யா" என்றார் டொக்டர் மெதுவாக. "கூடின சீனி கால் நரம்பைத் தின்னுறது. நெருப்பு சுடுறது. உனக்கு நியூஸ் வரது இல்ல."

பஸ் ஏறி ஏழு வளைவும் கடந்து வரும்வரை வீரய்யா செருப்பைக் கழற்றிக் கழற்றி உள்ளங்காலைக் கிள்ளிப் பார்த்துக்கொண்டே வந்தார். மாத்திரையை ஒழுங்காகப் போடச் சொன்னதும், செருப்பில்லாமல் வாசலுக்கும் இறங்கக் கூடாது என்றதும் காதில் விழுந்ததோ என்னவோ. லயத்தடியில் இறங்கியதும் கேட்டார்:

"அப்ப போன வருசம் நடுக்குழியில நின்னேனே. அது ஆத்தா இல்லையா, லெச்சுமி?"

"ஆத்தாதாங்க. காலு மிஞ்சிச்சே, அது ஆத்தா இல்லாம யாரு?"

காப்புக் கட்டும் நாளில் கோயில் நிறைந்திருந்தது. முத்துலிங்கம் முதலில் ஓர் ஓரமாக அழைத்துப் போய்ச் சமாதானம் பேசினார்.

"இந்தாப்பா, டொக்டரு தாளு ஆத்தாவுக்குத் தெரியுமா? நோட்டீஸ் அடிச்சாச்சு. தலவாக்கலைல இருந்து வேன் வருது, நீ நடுவுல நிக்கிறதப் பாக்க. நில்லாட்டியும் பரவால்ல, சும்மா நடந்து போயிரு."

வீரய்யா ஒரு கணம் தடுமாறினார் என்று அவரே பிறகு ஒத்துக்கொண்டார். சிவப்புச் சால்வை மடிப்புக் கலையாமல் தட்டில் இருந்தது. பத்தொன்பது வருஷம் ஊரே கும்பிட்ட கால்கள். ஒரு வார்த்தையும் பேசாமல் இறங்கிவிட்டால் அவருக்கு வலிக்கவும் போவதில்லை. அதை நினைத்தபோதுதான் சால்வைத் தட்டைத் தள்ளி வைத்தாராம். போய் மைக்கை வாங்கினார்.

"என் காலுல ஆத்தா குந்தியிருக்கான்னு சொன்னீங்க. டொக்டரு பாத்தாரு. குந்தியிருக்கிறது சீனி. எனக்கு ஏ வன் சி ஒம்பது தசம் எட்டு. காலு மரத்துப்போச்சு. அதான் நின்னேன். செல்லசாமிக்குச் சுடுது, ஓடுறான். சுட்டும் எறங்குறானே, அவன்தான் பக்தன். கரகம் அவனுக்கு."

வீரய்யா தலையைக் குனிந்துகொண்டார். இனி ஒருத்தரும் மதிக்க மாட்டார்கள் என்றுதான் நினைத்திருப்பார். ஊசிமலைத் தோட்டத்தை அவருக்கே சரியாகத் தெரியவில்லை. கூட்டத்தின் பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது:

"அண்ணே! எனக்குப் பதினொண்ணு! நான் நடுவுல நிக்கலாமா?"

அவ்வளவுதான். "என் மச்சானுக்குப் பன்னெண்டு, அவரு படுத்தே கெடப்பாரு!" என்று இன்னொருவர். ஒரு வாரத்துக்குள், சீனி கூடின ஆளை நெருப்பு சுடாது என்ற சேதி நோர்வூட்டைத் தாண்டிப் பொகவந்தலாவைக்கே போய்விட்டது. சீனி வருத்தத்தை அதுவரை மறைத்து வைத்திருந்தவர்களெல்லாம் துண்டை நெஞ்சுப் பையில் தெரிகிற மாதிரி வைத்துக்கொண்டு நடந்தார்கள். ஏழுக்குக் கீழே உள்ளவர்களைக் கொஞ்சம் ஏளனமாகவே பார்த்தார்கள். கடையில் சீனி முடிந்துபோனதாகவும் சொன்னார்கள். அது நான் கூட்டிச் சொல்வதாகவும் இருக்கலாம்.

நாகலெட்சுமி இடுப்பில் கை வைத்துக்கொண்டு புருஷனைப் பார்த்தாள். "உண்மையச் சொல்லி ஊரையே கொளுத்திட்டீங்களே! போங்க, நீங்களே அணைங்க."

வீரய்யா வாசலில் குந்தி வெகுநேரம் யோசித்தார். காலில் செருப்பு இருந்தது. தேத்தண்ணியில் சீனி இல்லை. எறும்புகள் வந்து பார்த்துவிட்டுத் திரும்பிப் போயின. கடைசியில் எழுந்துபோய் விளக்குமாற்றிலிருந்து நல்ல ஈர்க்கு ஒன்றை உருவி, நுனியை மழுக்கி, மஞ்சள் தடவினார்.

பூக்குழி நாள் மாலை. தணல் பரப்பியாயிற்று. இறங்குகிறவர்கள் வரிசையில் நிற்க, வீரய்யா குழிக்கு முன்னால் ஒரு பலகையில் உட்கார்ந்திருந்தார். பக்கத்தில், கரையேறுகிறவர்கள் கால் நனைக்கப் பால் வாளி.

"கண்ணை மூடிக் காலைக் காட்டணும். பத்து எடம். தெரிஞ்சா சொல்லணும். இது புது மொறை" என்றார்.

"யாரு போட்ட மொறை?" என்று பதினொன்று கேட்டார்.

"பத்தொம்போது வருசம் எறங்கினவன் போட்ட மொறை. காட்டுய்யா காலை."

பதினொன்று காட்டினார். ஆறு இடம் தெரியவில்லை. பால் வாளிப் பக்கம் போகச் சொன்னார் வீரய்யா. பன்னிரண்டு தன் முறை வருமுன்பே, வயிறு சரியில்லை என்று வரிசையை விட்டு நழுவினார். அடுத்ததாக, தலையில் கரகத்தோடு வந்தார் செல்லசாமி. ஈர்க்கு உள்ளங்காலில் பட்டதுதான் தாமதம், ஒரு முழம் துள்ளினார். கரகத்தை நாலு பேர் தாங்கிப் பிடித்தார்கள்.

"ஐயோ அண்ணே, கூசுது! விடுங்க அண்ணே!"

வீரய்யா அந்தக் காலைக் கொஞ்ச நேரம் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தார். வெடிப்பு விழுந்த, கறுத்த, சாதாரணக் கால். "கூசுதா? குடுத்து வச்சவன்டா நீ. எறங்கு. நல்லா ஓடு" என்றார்.

இருபது பேரின் கால் பார்த்து முடிந்தது. மற்றவர்களும் இறங்கக் காத்திருந்தபோது கோயில் தலைவர் முத்துலிங்கம் பட்டு வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வந்தார். இந்த வருஷம் அவருக்கும் ஒரு நேர்த்தி இருந்ததாம். பரீட்சையெல்லாம் மற்றவர்களுக்கு என்கிற மாதிரி ஒரு சிரிப்பு. பலகையில் காலைத் தூக்கி வைத்து, கண்ணை மூடி, கையைக் குவித்தார்.

வீரய்யா குனிந்தார். நாகலெட்சுமி எட்டிப் பார்த்தாள். கூட்டத்தில் பேச்சு மெல்ல மெல்ல அடங்கியது. தவில்காரரும் அடிப்பதை நிறுத்தினார்.

கொஞ்ச நேரம் கழித்து முத்துலிங்கம் கண்ணைத் திறக்காமலே அதட்டினார்:

"எவ்வளவு நேரம்யா? சீக்கிரம் தொடங்கு!"

வீரய்யா ஈர்க்கைக் கீழே வைத்தார். தலைவரின் காலை இரண்டு கையாலும் மெதுவாகத் தூக்கி, தணலை விட்டு விலக்கி, பால் வாளிப் பக்கமாக இறக்கிவிட்டார்.

"தலைவரே, எனக்கு இந்தப் பால் வாளியைத் தூக்க ஒரு கை வேணும். வந்து பக்கத்துல குந்துங்க. மொதல்ல செருப்பைப் போடுங்க."